சித்தாயம் பிள்ளைகள் நடந்த தெரு

இந்தோனேசிய இளைஞர்கள் என்றால் டிக்டாக்கில் ஆடுகிற கூட்டம், அவ்வளவுதான் என்று ஒரு நண்பர் எழுதியிருந்தார். எனக்கு அது பொறுக்கவில்லை. 2022 ஜூலையில் ஜகார்த்தாவின் டூக்கு அதாஸில் நடந்ததை அவர் பார்த்திருக்க வேண்டும்.

சித்தாயம், போஜோங் கெடே, டெப்போக் எல்லாம் ஜகார்த்தாவுக்குத் தெற்கே இருக்கும் புறநகர்கள். அங்கேயிருந்து மின்சார ரயில் பிடித்து, சுதிர்மான் ஸ்டேஷனில் வந்து இறங்கினார்கள் அந்தப் பிள்ளைகள். டிக்கெட் அப்போது முதல் 25 கிலோமீட்டருக்கு 3,000 ரூபியாதான், அந்தப் பகுதியில் ஒரு கப் காபியே அதைவிடப் பல மடங்கு விலை. அப்புறம் சாலையைக் கடக்கப் போட்டிருக்கும் வெள்ளைக் கோடுகளையே மேடையாக்கி, தொளதொள பேண்ட்டும் மலிவு விலைச் சட்டையுமாக ஒவ்வொருவராக நடந்தார்கள், கோட்டின் முடிவில் ஒரு நொடி நின்று, தோளைத் திருப்பி, திரும்ப வந்தார்கள். சுற்றி நின்றவர்கள் போனில் எடுத்துப் போட, நாடே பார்த்தது. 'சித்தாயம் ஃபேஷன் வீக்' என்று பெயர் விழுந்தது.

சுதிர்மான் சாலையோரம் எஸ்சிபிடி (SCBD, Sudirman Central Business District) என்று பெரிய கம்பெனிகளின் வட்டாரம் ஒன்று உண்டு. அதே நான்கு எழுத்துக்கு சுதிர்மான், சித்தாயம், போஜோங் கெடே, டெப்போக் என்று புது விரிவு வந்துவிட்டது. பணக்காரர்களின் பெயரையே எடுத்துத் தங்கள் ஊர்களால் நிரப்பிய அந்தத் துணிச்சல்தான் எனக்கு ரொம்பப் பிடித்தது.

அப்போதைய ஜகார்த்தா ஆளுநர் அனீஸ் பஸ்வேடனே வந்து அந்தக் கோட்டில் நடந்தார். சரி, அதுவரை நல்லது. ஆனால் அதே மாதம் நடிகர் பைம் வோங்கின் நிறுவனம் 'சித்தாயம் ஃபேஷன் வீக்' என்ற பெயரை வணிகக்குறியாகப் பதிய விண்ணப்பித்தது! மேற்கு ஜாவாவின் அப்போதைய ஆளுநர் ரித்வான் காமில், எல்லாவற்றையும் வியாபாரக் கண்ணோடு பார்க்கத் தேவையில்லை என்று இன்ஸ்டாகிராமில் வெளிப்படையாகவே எழுதினார். எதிர்ப்பு வலுத்து, விண்ணப்பம் திரும்பப் பெறப்பட்டது. அடுத்து, போக்குவரத்து நெரிசல் என்று சொல்லி அதிகாரிகள் அந்தப் பிள்ளைகளைக் கலைந்துபோகச் சொன்னார்கள்.

நெரிசல் உண்மைதான், மறுக்கவில்லை. ஆனால் காசு கொடுக்காமல் உட்கார ஒரு இடம், அதுவும் ஊரின் நடுவில், அந்த வயதுப் பிள்ளைகளுக்கு வேறு எங்கே இருந்தது? வாரக் கடைசியில் மட்டும் அந்த ஒரு சின்னத் தெருவை வண்டிகளுக்கு அடைத்துவிட்டு, கடைசி ரயில் கிளம்பும்வரை அவர்களை அங்கே விட்டிருக்கலாம்.