சம்பளம் வாங்கினால் நாட்டுக்கு ஆடக்கூடாதாம்

நெதர்லாந்து கால்பந்து என்றதும் நமக்கு க்ரைஃப், வான் பாஸ்டன், அப்புறம் வான் பெர்சி. க்ரைஃப் நாட்டுக்காக 48 ஆட்டங்களில் 33 கோல், வான் பெர்சி 102-இல் 50. 1930-களில் ஒருவர் 23 ஆட்டங்களில் 28 கோல் அடித்திருக்கிறார். பெயர் பெப் பாக்ஹைஸ். அவரை அவர் நாட்டுக் கால்பந்துச் சங்கமே ஒதுக்கிவைத்த கதையைப் படித்தால் இன்றைக்கும் எனக்கு எரிச்சல் வருகிறது.

1909-இல் ஜாவாவில், அப்போது டச்சு ஆட்சியில் இருந்த பெக்கலோங்கானில் பிறந்தவர். 1928-இல் தேசிய அணியில் அறிமுகமாகி, நடுவில் மறுபடி ஜாவா பக்கம் போய் சுரபாயாவில் ஆடிவிட்டு, திரும்பி வந்தபிறகுதான் கோல் கோலாகக் குவித்தார். 1934 மார்ச்சில் ஆம்ஸ்டர்டாமில் பெல்ஜியத்தை 9-3 என்று துவைத்த ஆட்டத்தில் லேன் வெண்டே என்பவர் தனியாக 5 கோல் போட்டிருக்கிறார், பாவம், ஊர் நினைவில் வைத்திருப்பது என்னவோ பாக்ஹைஸ் பாய்ந்து அடித்த ஒரே ஒரு கோலைத்தான். தாழ்வாக வந்த பந்து, வேறு யாராக இருந்தாலும் காலை நீட்டியிருப்பார்கள், இவர் உடம்பைத் தூக்கி எறிந்து தலையால் வலைக்குள் தள்ளினார்.

அந்தக் காலத்தில் நெதர்லாந்தில் ஆட்டத்துக்குக் காசு வாங்குவது தடை. கௌரவத்துக்காக ஆடவேண்டும் என்பது கொள்கை. வீட்டில் வசதி இருக்கிறவனுக்கு அது நல்ல கொள்கைதான், மற்றவன் எதைச் சாப்பிடுவான்? 1937-இல் பாக்ஹைஸ் வென்லோ நகரத்தின் விவிவி கிளப்புக்கு மாறப்பார்த்தபோது, பணம் கைமாறுகிறது என்று சங்கம் தடைபோட்டது. சரி, போங்கடா என்று பிரான்சுக்குப் போய் மெட்ஸ் அணியில் வெளிப்படையாகவே சம்பளத்துக்குச் சேர்ந்தார். அதோடு தேசிய அணியின் கதவு மூடியது.

அடுத்து நடந்ததைக் கேளுங்கள். 1938 உலகக் கோப்பை எங்கே நடந்தது? அதே பிரான்சில். மே மாதம் மெட்ஸ் பிரெஞ்சுக் கோப்பை இறுதிப் போட்டி வரை போய்க் கூடுதல் நேரத்தில் மார்செயிடம் 2-1 என்று தோற்றது. ஒரு மாதம்கூட ஆகவில்லை, ஜூன் 5 அன்று லே ஹாவ்ரில் நெதர்லாந்து செக்கோஸ்லோவாக்கியாவைச் சந்திக்கிறது. 90 நிமிடம் முடிந்தும் 0-0. கூடுதல் நேரத்தில் மூன்று வாங்கி முதல் சுற்றிலேயே மூட்டைகட்டினார்கள். ஒரே ஒரு கோல் தேவைப்பட்ட அந்த 90 நிமிடத்தில், ஆட்டத்துக்கு ஒன்றுக்கு மேல் அடித்த மனிதர் அதே நாட்டில் சம்பளத்துக்கு ஆடுகிறவர் என்பதால் அணியில் இல்லை! அவர் இருந்திருந்தால் ஜெயித்திருப்பார்கள் என்று சத்தியம் செய்ய முடியாதுதான். ஆனாலும் இதைவிட முட்டாள்தனமாக ஓர் அணியைப் பலவீனப்படுத்த முடியுமா?

விதி எல்லோருக்கும் பொதுதானே என்று சிலர் சொல்வார்கள். 1949-இல் இத்தாலியின் இண்டர் மிலான் கிளப்புக்குப் போன இன்னொரு டச்சு ஆட்டக்காரர் ஃபாஸ் வில்கெஸுக்கும் இதே கதிதான், அதனால் விதி நியாயமாகிவிடுமா? 1953 பெப்ரவரி வெள்ளத்தில் நெதர்லாந்தில் மட்டும் 1,836 பேர் இறந்தார்கள். நிவாரணத்துக்கு நிதி திரட்ட மார்ச்சில் பாரிசில் பிரான்சை எதிர்த்து இறங்கி 2-1 என்று ஜெயித்தது, சம்பளத்துக்காக ஓடிப்போனவர்கள் என்று ஒதுக்கப்பட்ட அந்த வெளிநாட்டு டச்சு ஆட்டக்காரர்கள்தான். அடுத்த வருடமே போட்டியாக ஒரு தனி லீக் கிளம்பியதும், கொள்கை பேசிய சங்கம் சத்தமில்லாமல் சம்பளத்துக்குச் சம்மதித்தது. பாக்ஹைஸுக்கு அப்போது 45 வயது.