சுருள்வது நரம்பு இல்லை
நடவு நடும் பெண்களுக்குக் காலில் 'நரம்புச் சுருட்டல்' (வெரிகோஸ் வெயின்) வருவது நரம்புத் தளர்ச்சியால் என்று ஒரு கட்டுரை சொல்வது தவறு. சுருள்வது சிரை, அதாவது ரத்தத்தை இதயத்துக்குத் திருப்பும் குழாய். குழப்பமே சொல்லில்தான். யாழின் தந்திக்கும் நரம்பு என்றுதான் பெயர். அதே பழக்கத்தில் ஊசி போடும் சிரை, தசையை எலும்போடு பிணைத்துக் குதிகாலுக்கு மேல் கயிறாகத் தட்டுப்படும் தசைநாண் எல்லாமே தஞ்சாவூர்ப் பக்கம் நரம்புதான். பெரும்பாலும் புடைப்பது பெரிய சஃபினஸ் சிரை: உள்கணுக்காலுக்குச் சற்று முன்னால் கிளம்பி, முழங்காலின் உட்புறமாக ஏறி, தொடையிடுக்கில் ஆழத்தில் ஓடும் சிரையோடு சேரும். உள்ளே இருக்கும் வால்வுகள் பழுதான மதகுப் பலகை மாதிரி சரியாக மூடாவிட்டால் ரத்தம் கீழே இறங்கித் தேங்கும். அதனால்தான் நின்றால் புடைப்பு, காலை உயர்த்திப் படுத்தால் வடிந்துவிடும். நரம்புக்கு என்று சிலர் சிபாரிசு செய்யும் பி12 வைட்டமின் மாத்திரைக்கு இங்கே வேலையே இல்லை. டாக்டர் எழுதித் தந்த இறுக்கக் காலுறையைக் காலையில் படுக்கையை விட்டு இறங்குமுன் மாட்ட வேண்டும். வீங்கிய பிறகு சரியாக ஏறாது. வரப்பில் இடறிச் சிரை கிழிந்தால் தொடையில் கயிறு கட்டாதீர்கள், திரும்பும் வழி அடைபட்டு ரத்தம் இன்னும் கொட்டும். படுக்க வைத்துக் காலைத் தூக்கி, சுத்தமான துணியால் 10 நிமிடம் விடாமல் அழுத்துங்கள்.