சாயா மாத்தி

(இடம்: மலேசியாவுல சுங்கை சிப்புட், பாசாருக்குப் பக்கத்துல ஒரு ஒட்டுக்கடை. கடைக்கார ஆயா ஒரு காலத்துல தோட்டத்துல வேலை பாத்தவங்க, இப்ப நாசி லெமாக்குங்கிற தேங்காப்பால் சோறும் இட்லியும் விக்கிறாங்க. எதிர்த்தாப்ல இருக்குற முடிவெட்டுற கடைக்கு வேலைக்கு வந்த பையன் மதி, அறந்தாங்கிப் பக்கம். ரெண்டு பேரும் பேசுறது தமிழ்தான், பிரச்சனையே அதுலதான் ஆரம்பிக்குது.)

ஆயா: வாடா தம்பி, பசியாறிட்டியா?

மதி: இன்னும் இல்ல ஆயா. நாலு இட்லி வைங்க.

ஆயா: என்னா தண்ணி?

மதி: இப்பப் பழகிருச்சு ஆயா. ஆனா முத நாள் இதே கேள்விய நீங்க கேட்டப்ப எனக்கு எப்படி இருந்துச்சு தெரியுமா, காலையில ஏழு மணி, நெத்தி நெறைய திருநீறு, எங்க அப்பத்தா வயசு, சிரிச்ச மூஞ்சியோட "என்னா தண்ணி, சூடாவா ஐஸ் போட்டா"ன்னு கேக்குறீங்க, எங்க ஊர்ல தண்ணி அடிக்கிறவன் கூட பொழுது சாயுற வரைக்கும் வெக்கப்படுவான்!

ஆயா: அதான் அன்னிக்கி அப்பிடி முழிச்சியா? நான் கோப்பியா மைலோவான்னு கேட்டேன்டா. குடிக்கிறதெல்லாம் இங்க தண்ணிதான் லா.

மதி: அதுகூட பரவால்ல. அடுத்து உள்ள திரும்பி "தே ஓ"ன்னு கத்துனீங்க பாருங்க, "டேய் ஓ"ன்னு என்னைத்தான் அதட்டுறீங்கன்னு எந்திரிச்சு நின்னுட்டேன்.

ஆயா: பால் போடாத டீடா அது. ஹொக்கியன் பாசையில ஓன்னா கறுப்பு.

மதி: பால் போட்டா?

ஆயா: வெறும் தே.

மதி: பால் போட்டா வெறும் தே, வெறும் டீ கேட்டா தே ஓ. நல்லா இருக்கு உங்க கணக்கு.

ஆயா: பாலப் பத்தி எங்கிட்ட பேசாத. கல்யாணம் ஆன மறுவாரத்துலேருந்து பால் வெட்டுனவ நானு.

மதி: வெட்டுனீங்களா? பாலக் கறப்பாங்க, காய்ச்சுவாங்க, திரிஞ்சா கீழ ஊத்துவாங்க. வெட்டுறதுன்னா எங்க கடைக்குல்ல வரணும்.

ஆயா: கித்தாப் பாலுடா மடையா, ரப்பர் மரத்துப் பாலு! விடியக்காலம் அஞ்சு மணிக்கெல்லாம் பெரட்டு...

மதி: அஞ்சு மணிக்கேவா! கோழியா, ஆட்டுக்கறியா?

ஆயா: என்னா கோழி?

மதி: பெரட்டுன்னீங்களே.

ஆயா: ஆள் கணக்கு எடுக்குறதுடா அது! வெள்ளக்காரன் பரேடுன்னான், நாம பெரட்டுன்னுட்டோம். பேரு கூப்புட்டு முடிஞ்சதும் நெத்தியில லைட்டக் கட்டிக்கிட்டு இருட்டோட இருட்டா நெரைக்குள்ள போயிரணும், வெயில் ஏறுச்சுன்னா பால் சரியா வடியாது. பழைய வெட்டுக்குக் கீழ பட்டைய சாய்வா, வெங்காயச் சருகு மாதிரி மெலிசா சீவி எடுக்கணும், கொஞ்சம் ஆழமா எறங்குச்சு மரத்துக்குக் காயம், கங்காணி வாயில நம்ம பேரு. நல்லா சீவுனா அந்தக் கோட்டோட ஓரமா பால் முத்து முத்தா கெளம்பி ஒண்ணாச் சேந்து ஓடி வந்து மங்குல விழும். மரத்துக்கு ஒரு மங்கு.

மதி: எங்க ஊர்ல ஆளுக்கு ஒரு மங்கு, அதுவும் சனி.

ஆயா: (இட்லிக் கரண்டிய ஓங்குறாங்க) கப்புடா! பால் விழுற கப்பு! மழை பேஞ்சா அன்னிக்கி வெட்டு கெடையாது, மங்குல தண்ணி கலந்துரும்.

மதி: எங்க பால்காரர் மழை இல்லாட்டியும் கலந்துருவாரு.

ஆயா: அப்புறம் கொட்டாய்க்குக் கொண்டு போயி ஆசிட்ட ஊத்தி உறைய வெப்பாங்க...

மதி: நாங்க மோரு ஊத்துவோம்.

ஆயா: நீ இட்லியத் தின்னு, பேசாத. இந்தா பக்கத்துல கோலகங்சார்ல 1877ல நட்ட மரம் ஒண்ணு இன்னும் நிக்குது தெரியுமா, சிங்கப்பூருக்கு 22 கன்னு வந்து எறங்கி அதுல ஒம்போத இங்க கொண்டாந்து வெச்சாங்களாம். அந்த மரத்து வம்சம் பெருகப் பெருகத்தான் ஒங்க ஊர்லேருந்து கப்பல் கப்பலா ஆளு வந்தது, எங்க பாட்டனும் அந்தக் கூட்டத்துல ஒருத்தரு. ஆமா, பெர்மிட்டுக்கு மெடிக்கல் எடுக்கப் போனியே, என்னா ஆச்சு?

மதி: அத ஏன் கேக்குறீங்க. (இட்லியக் கீழ வெச்சுட்டான், விசயம் பெருசு) கவுண்டர்ல மிஸ்ஸி, அதான் நர்ஸம்மா, பாஸ்போர்ட்டப் பாத்துக்கிட்டே "நாமா?"ன்னாங்க. நாமம்னா பேருதானே, டக்குனு "மதி"ன்னுட்டேன். மூஞ்சி ஒரு மாதிரி ஆச்சு, ஆனா எழுதிக்கிட்டாங்க. அடுத்து "நாமா ஆயா?"ன்னாங்க.

ஆயா: அப்பா பேரு கேட்டிருக்கா.

மதி: இப்பத் தெரியுது! எங்க ஊர்ல ஆயான்னா பால்வாடியில சத்துமாவு உருண்டை குடுக்குறவங்க. நான் அசந்து போயிட்டேன் ஆயா, மலேசியா கவர்மெண்டு எவ்ளோ உஷாரு, இவன் மூணு வயசுல யாருகிட்ட வளந்தான்னு வரைக்கும் விசாரிக்குதேன்னு. அவங்க பேரு பாப்பாத்தி, சொல்லிட்டேன்.

ஆயா: ஐயய்யோ. எழுதிட்டாளா?

மதி: எழுதிட்டாங்க. எழுதிட்டு "கெர்ஜா ஆப்பா?"ன்னாங்க. சரி, இப்பத்தான் அப்பாவுக்கு வந்திருக்காங்கன்னு நிம்மதியா "கருப்பையா"ன்னேன்.

ஆயா: (முந்தானையால கண்ணத் தொடைக்கிறாங்க) ஆப்பான்னா "என்ன"டா! என்னா வேலை செய்றேன்னு கேட்டிருக்கா!

மதி: ஆமா, இப்ப ஃபாரத்துல எங்கப்பா பேரு பாப்பாத்தி, என் வேலை கருப்பையா.

ஆயா: நல்ல வேலைதான், பரம்பரை வேலை. ஆனா ஒன் மேல தப்பு இல்லடா. பேரப்புள்ளைங்களுக்கு நான் ஆயா. தோட்டத்துல ஆயாக்கொட்டாய்னு ஒண்ணு இருந்துச்சு, பால் வெட்டப் போறப்ப கைப்புள்ளைங்கள அங்க விட்டுட்டுப் போவோம், அங்க பாத்துக்கறவ ஒரு ஆயா, அந்த ஆயா போர்த்துகீசுக்காரன் வாயிலேருந்து வந்தவளாம், கோலாலம்பூர்ல படிக்கிற என் பேரன் சொன்னான். மலாய்க்காரங்களுக்கு ஆயா மீசை வெச்ச ஆளு. நீ ரோட்டுல என்னைய ஆயா ஆயான்னு கத்துறப்ப அந்த மீன்கடைக்கார அபாங் ஏன் சிரிக்கிறாருன்னு நெனச்ச?

மதி: நான் அவரு நல்ல மனுசன்னுல்ல நெனச்சேன்.

ஆயா: சரி, அப்புறம்?

மதி: ஒக்காரச் சொன்னாங்க. ஹால் நெறைய ஆளு. கொஞ்ச நேரத்துல உள்ளேருந்து ஒரு அம்மா கதவத் தொறந்து "மாத்தி! மாத்தி!"ன்னு சத்தமா கூப்புடுறாங்க. ஹாலே கப்சிப். பக்கத்துல இருந்த மக்சிக், மலாய்க்காரப் பெரியம்மா, பாவம், கண்ண மூடிக்கிட்டு துவா செய்ய ஆரம்பிச்சிட்டாங்க. எனக்கு ஒண்ணும் புரியல, யாரோ மாத்தி வரப்போறாங்க போலன்னு நானும் திரும்பித் திரும்பிப் பாக்குறேன். அந்தம்மா மறுபடியும், "சியாப்பா மாத்தி?"

ஆயா: யாரு செத்ததுன்னு கேக்குறா.

மதி: மதிங்கிறதத்தான் இப்படி நீட்டுறாங்கன்னு அப்பத்தான் ஒறைச்சுது. மலாய்ல "நான்"னா சாயான்னு ஓனர் சொல்லிக் குடுத்திருந்தாரு, டீயா நெனச்சு மனப்பாடம் பண்ணி வெச்சிருந்தேன். எந்திரிச்சேன், கையத் தூக்குனேன், எனக்குத் தெரிஞ்ச மலாயெல்லாம் தெரட்டி சத்தமா சொன்னேன், "சாயா மாத்தி!"

ஆயா: (கடைய விட்டு வெளிய வந்து தூணப் புடிச்சுக்கிட்டு சிரிக்கிறாங்க) செத்தவனே எந்திரிச்சு நின்னு "நான் செத்துட்டேன்"னு சொன்னா அந்த மக்சிக் என்னாதான்டா செய்வாங்க?

மதி: எடம் மாறி ஒக்காந்துட்டாங்க. டாக்டர் வேற என் நெஞ்சுல கருவிய வெச்சுப் பாத்துட்டு "ஓகே, பெலும் மாத்தி"ன்னாரு. இன்னும் சாகலன்னு அர்த்தமாமே, வெளிய வந்துதான் தெரிஞ்சுது. ஃபிட்டுன்னு எழுதிட்டாரு.

ஆயா: மதின்னா நெலா, மதின்னா அறிவு, ஒங்கம்மா ஆசையா வெச்ச பேரு.

மதி: அறிவுன்னு வெச்சாங்க, இங்க வந்து உயிர் போயிருச்சு. இதுல இன்னொரு கூத்து. எங்க ரூமுக்குப் போற வழியில ஒரு போர்டு பாத்தேன், "ஜாலான் மாத்தி"ன்னு. ஜாலான்னா ரோடு, அது எனக்குத் தெரியும்.

ஆயா: டேய், நீ ஒண்ணும் செய்யலயே?

மதி: கீழ நின்னு போட்டோ எடுத்து வீட்டுக்கு அனுப்பிட்டேன். எங்கம்மா அத ரேசன் கடை க்யூவுல காட்டியிருக்கு, "மலேசியாவுல எம்புள்ள பேருல ரோடு போட்டிருக்காங்க"ன்னு.

ஆயா: முட்டுச்சந்துடா அது! அதுக்கு மேல வழி கெடையாது, வந்த வழியே திரும்பிப் போன்னு அர்த்தம்!

மதி: எங்கம்மாவுக்குத் தெரிய வேணாம் ஆயா. அது ஏற்கனவே நான் பங்களாவுல இருக்கேன்னு பெருமையா சொல்லிக்கிட்டுத் திரியுது.

ஆயா: நீ கடைக்கு மேல இருக்குற ரூம்ல இல்ல இருக்க?

மதி: ஆமா, கூட ஒரு பங்களாதேஷ் அண்ணன். ஓனர் அவர "பங்களா, பங்களா"ம்பாரு. நானும் போன்ல "பங்களா கூட தங்கியிருக்கேன்மா"ன்னேன், அம்மாவுக்கு "கூட" மட்டும் கேக்கல.

(பங்களாங்கிற வீடே வங்காளத்து வீட்டு அமைப்புலேருந்து பேரு எடுத்ததுதான், அந்த வகையில அந்தம்மா சொன்னது முழுப் பொய்யும் இல்ல.)

ஆயா: ஆளுக்குப் பேரு இல்லயா, பேரச் சொல்லிக் கூப்புட வேண்டியதுதானே. அந்தப் புள்ளையாவது ஒன் பேர ஒழுங்கா சொல்லுதா?

மதி: அவருகிட்ட போயி அழுதேன் ஆயா, அண்ணே, இங்க என் பேருக்கு செத்துட்டான்னு அர்த்தமாம்னு. அவரு தோள்ல கை போட்டு, கவலப்படாத, எங்க பாசையில அது ரொம்ப மரியாதையான வார்த்தை, மாட்டின்னா மண்ணுன்னாரு.

ஆயா: செத்து மண்ணாவே போயிட்டியா!

மதி: அதான்! ஒரே ரூமுக்குள்ள செத்து, பொதைச்சு, எல்லாம் முடிஞ்சுது.

ஆயா: இரு இரு, இன்னும் முடியல. என் பேத்தி கையில நீலக் கண்ணு பாசி ஒண்ணு கட்டியிருக்கா பாரு, கண்ணேறு படாம இருக்க. அதுக்குப் பேரு என்னாங்கிற? மாத்தி! கிரேக்க பாசையில கண்ணுன்னு அர்த்தமாம்.

மதி: ஆகா. கண்ணு பட்டு, செத்து, மண்ணாப் போறது. மூணுக்கும் என் பேரு ஒண்ணே போதும். எங்கயாச்சும் நல்ல அர்த்தம் இல்லயா ஆயா, உங்க பேரனுக்கு போன் போட்டுக் கேளுங்களேன்.

ஆயா: கேட்டாச்சு, போன வாரமே. நியூசிலாந்துல மாவோரிக்காரங்க "மாத்தெ"ம்பாங்களாம், அதுவும் சாவுதான். மலாய்க்காரங்களும் அவங்களும் ஒரே பாசைக் குடும்பமாம், ஆதி காலத்துல படகு கட்டிக்கிட்டு கடல் கடலாப் போயிருக்காங்க, அந்தப் பக்கம் மடகாஸ்கர்ல போயிக் கேட்டாலும் மாத்தின்னா செத்ததுதானாம்.

மதி: ரெண்டு சமுத்திரத்துலயும் செத்திருக்கேன். பரவால்ல, எங்க தாத்தா ராமேஸ்வரத்தோட சரி.

ஆயா: ஆனா ஒரு நல்லது இருக்கு. அந்த மாவோரிக்காரங்க எழுதுற அதே நாலு எழுத்த அங்க இருக்குற வெள்ளக்காரன் "மேட்"டுன்னு படிச்சா கூட்டாளியாம்.

மதி: அப்ப நான் அங்கயே போயிருக்கலாம். பாதிப் பேருக்காவது சிநேகிதனா இருந்திருப்பேன்.

ஆயா: எதுக்குடா இவ்ளோ கஷ்டம், பேசாம பேர மாத்திடேன்.

மதி: ஏற்கனவே மாத்திதானே ஆயா!

ஆயா: (கொஞ்ச நேரம் முழிச்சுட்டு) சீ, கெளம்பு, கடை தொறக்க நேரமாச்சு. இட்லி நாலு, பொட்டலமா ஒரு நாசி லெமாக் புங்குஸ், தே ஓ. எல்லாம் சேத்து எட்டு வெள்ளி.

மதி: தெனம் வர்றவன், ஒரு வெள்ளி கொறைக்கக் கூடாதா?

ஆயா: முடியாது. ஹர்கா மாத்தி.

மதி: இதுலயும் நான் வந்துட்டனா?

ஆயா: பேரம் கெடையாதுன்னு அர்த்தம். வெல செத்துப் போச்சு, இனிமே ஏறாது எறங்காது. எடு காச.

மதி: (பாக்கெட்டத் தடவிப் பாக்குறான்) ஆயா... வெள்ளி தர்றேனே.

ஆயா: எத்தன வெள்ளி?

மதி: வர்ற வெள்ளி.

ஆயா: அப்ப ஒம்போது வெள்ளி.