குரலையும் காப்பாற்ற வேண்டும்

தொலைக்காட்சிக்குப் பழைய காட்சிகளைத் தேடித் தருபவர்களைப் பற்றி நீங்கள் வெளியிட்ட கட்டுரைக்கு நன்றி. ஒலிப் பக்கத்தில் வேலை செய்கிறவன் என்பதால் கொஞ்சம் சேர்க்கிறேன்.

குரல் பதிந்து பல வருடம் கிடந்த காந்த நாடாவை (டேப்பை) எடுத்தவுடனே ஓட்டிவிட முடியாது. சில வகை நாடாக்களில் காந்தப் பூச்சைப் பிடித்திருக்கும் பசை ஈரத்தை உறிஞ்சிப் பிசுபிசுத்துப் போயிருக்கும். அப்படியே ஓட்டினால் ஒலியைப் படிக்கும் ஹெட்டில் அந்தப் பூச்சு பழுப்பாக உரிந்து வரும், அதோடு குரலும் போய்விடும். 50 டிகிரியை ஒட்டிய சூட்டில் பல மணி நேரம் வைத்து, நன்றாக ஆறவிட்டு, அப்புறம்தான் ஓட்டுவோம். அந்தப் பக்குவமும் நிலைக்காது. சீக்கிரம் கணினியில் ஏற்றிவிட வேண்டும்.

வேகமும் கவனிக்க வேண்டிய விஷயம். நொடிக்கு 24 ஃபிரேமில் எடுத்த படத்தை 25-இல் ஓட்டினால் 4 சதவீதம் வேகம் கூடும், குரலும் சற்று மேலே ஏறும். பொதுவாகப் பார்ப்பவருக்கு அது தெரியாது. பேசியவரின் மகளுக்குத் தெரிந்துவிடும். அவருக்காகவே அதைச் சரிசெய்கிறேன்.

1960, 70களில் பிபிசி பல நிகழ்ச்சி நாடாக்களை அழித்து மறுபடி பயன்படுத்தியது. அழிக்கக்கூட வேண்டாம், லேபிள் எழுதாமல் விட்டாலே காட்சி தொலைந்த மாதிரிதான். படம் எடுப்பவர்கள் தயவுசெய்து தேதியையும் பேசுபவர் பெயரையும் அன்றைக்கே எழுதி வையுங்கள்.