ரமணியின் படங்கள் புரியவில்லை என்பவர்களுக்கு

ஆர்.வி. ரமணியின் ஆவணப்படங்களில் 'தகவலே இல்லை, கேமரா பாட்டுக்கு அலைகிறது' என்று அவரைப் பற்றிய கட்டுரை ஒன்றில் ஒருவர் எழுதியிருப்பதைப் படித்ததும் சிரிப்புதான் வந்தது. பின்னணிக் குரல் ஒன்று வந்து புள்ளிவிவரம் ஒப்பித்தால்தான் ஆவணப்படமா? பூனா திரைப்படக் கல்லூரியில் ஒளிப்பதிவு படித்த மனிதர், தானே கேமராவைப் பிடித்து, எதிரில் இருப்பவரோடு பேசிக்கொண்டே எடுக்கிறார். அதனால் படம் நேர்க்கோட்டில் போகாது, சில இடங்களில் இழுக்கும், அதையும் ஒத்துக்கொள்கிறேன். ஆனால் 'நீ எங்கே' பாருங்கள். தோல்பாவைக் கூத்துக் கலைஞர்களைப் பற்றிய படம், 2003-இல் வந்தது. அழியும் கலை என்று ஒப்பாரி வைக்காமல் அவர்கள் கூடவே உட்கார்ந்திருக்கிறது. அப்புறம் 'மை கேமரா அண்ட் சுனாமி'. 2004 டிசம்பர் 26 அலையில் அவருடைய கேமராவும் அதற்குள் இருந்த கடைசிப் பதிவும் அழிந்துபோயின. வேறொருவராக இருந்தால் செய்திச் சேனல் காட்சிகளை வாங்கி ஒட்டியிருப்பார். இவரோ போய்விட்ட அந்தக் கேமராவையே படத்தின் பொருளாக்கிவிட்டார். இதைச் சோதனை முயற்சி என்று சொல்லாமல் வேறு எதைச் சொல்வது? இந்த மாதிரிப் படங்களுக்குத் தியேட்டர் கிடைக்காது, சரி. திரைப்பட இயக்கங்களும் கல்லூரிகளும் திரையிட்டு இயக்குநரோடு பேச வைக்கலாமே. அந்தக் கட்டுரையில் இதைப் பற்றி ஒரு வரிகூட இல்லை.