"பல்லு விளக்குனியா?"ன்னு கேக்காதீங்க

எங்கக்கா பொண்ணுக்கு ஒம்பது வயசு. ஓமலூர் பக்கம் எங்க ஊருக்குப் போன ஞாயித்துக்கிழமை போயிருந்தேன். பீரோக் கண்ணாடி முன்னாடி நின்னு, உதட்டை மூடிக்கிட்டே சிரிச்சுப் பழகிட்டிருந்தா. "என்ன கண்ணு பண்றே?"ன்னேன். "இப்படிச் சிரிச்சா பல்லு தெரியாது சித்தி"ங்கிறா. எனக்கு அடிவயிறு கலங்கிப்போச்சு. அதே கண்ணாடியில நானும் பழகினவதான்.

எங்க பக்கத்துப் பிள்ளைங்க நிறையப் பேருக்குப் பல்லுல காவி ஏறியிருக்கும். முன்பல்லுல சுண்ணாம்பு அப்பின மாதிரி வெள்ளைத் திட்டு, குறுக்கால பழுப்புக் கோடு. நாலாவது படிக்கிறப்ப டீச்சர் வரிசையா நிக்க வச்சு "ஈ" காட்டச் சொன்னாங்க. என்கிட்ட வந்ததும், "பல்லு விளக்குற பழக்கமே இல்லையா?" அன்னிக்குச் சாயங்காலம் செங்கல்பொடி தொட்டு, ஈறுல ரத்தம் வர்ற வரைக்கும் தேய்ச்சேன். கோடு அப்படியே இருந்துச்சு. அதிலிருந்து சிரிப்பு வந்தா கை தானா வாய்க்குப் போயிடும். காலேஜ்ல ஏற்காடு போனப்ப லேடீஸ் சீட்ல எடுத்த போட்டோவுலயும் நான் மட்டும் உதட்டை இறுக்கிக்கிட்டு நிக்கிறேன். 2020ல மாஸ்க் போடச் சொன்னப்ப ஊரே புழுங்குச்சு, எனக்கு நிம்மதியா இருந்துச்சு. இதை இதுவரைக்கும் யார்கிட்டயும் சொன்னதில்ல.

இது அழுக்கு இல்லீங்க, தண்ணி. பாறையில இருக்கிற புளோரைடு போர் தண்ணியில கரைஞ்சு வருது. லிட்டருக்கு 1.5 மில்லிகிராமைத் தாண்டக் கூடாது. எட்டு வயசு வரைக்கும் பல்லு ஈறுக்குள்ள உருவாகிற காலம். அப்பக் குடிக்கிற தண்ணியில அது அதிகமா இருந்தா எனாமலே கெட்டுப்போயிடும். அப்புறம் எந்தப் பேஸ்ட் போட்டுத் தேய்ச்சும் போகாது. கொதிக்க வச்சாலும் புளோரைடு போகாது, தண்ணி சுண்டச் சுண்டக் கூடத்தான் செய்யும். எங்கம்மா காய்ச்சிக் காய்ச்சித்தான் குடுத்தாங்க, பாவம். தர்மபுரி, கிருஷ்ணகிரிக்கு 2013ல ஒகேனக்கல் தண்ணியைக் கொண்டுவந்ததுக்கு இந்தப் பல்லும் ஒரு காரணம். இத்தனைக்கு அப்புறமும் பொண்ணு பார்க்க வர்றவங்க, "பொண்ணு சுத்தபத்தமா இருக்குமா?"ன்னு தரகர்கிட்டக் கேக்குறாங்க. அந்தக் கேள்வி எனக்கு இன்னமும் எரியுது.

ஓமலூர், மேச்சேரி, காடையாம்பட்டிப் பக்கம் வேலை பார்க்கிற டீச்சருங்க யாராச்சும் இதைப் படிச்சா, ஒண்ணே ஒண்ணு கேக்குறேன். பிள்ளைங்களைப் பல்லைக் காட்டச் சொல்லி வரிசையில நிக்க வைக்காதீங்க. அவங்க வீட்டுத் தண்ணியை ஒரு பாட்டில்ல பிடிச்சுட்டு வரச் சொல்லி, குடிநீர் வடிகால் வாரிய லேப்ல டெஸ்டுக்குக் குடுங்க.