இந்தியாவில் நெல் விளைச்சல் சரியவில்லை

காரைக்குடிப் பக்கம் வாட்ஸ்அப்பில் ஒரு செய்தி சுற்றுகிறது: 'நாட்டில் நெல் உற்பத்தி ஆண்டுதோறும் குறைகிறது, அதனால்தான் 2023-இல் அரிசி ஏற்றுமதிக்குத் தடை போட்டார்கள்.' இது தவறு.

1950-51இல் இந்தியாவின் அரிசி உற்பத்தி சுமார் 2 கோடி டன். 2022-23இல் 13 கோடி டன்னைத் தாண்டியது. நிலம் கூடியது மட்டும் காரணமல்ல. ஹெக்டேருக்கு 668 கிலோவாக இருந்த சராசரி மகசூல் 2,800 கிலோவைத் தொட்டது. குட்டை ரகங்கள், பாசனம், உரம் எல்லாம் சேர்ந்த பலன் அது. அந்தத் தடையும் பாசுமதி அல்லாத வெள்ளை அரிசிக்குத்தான், உள்நாட்டு விலையை அடக்க. 2024 செப்டம்பரில் நீக்கிவிட்டார்கள்.

செட்டிநாடு வானம் பார்த்த பூமி. கண்மாய் நிறையாத ஆண்டில் இங்கே வயல் தரிசாகக் கிடப்பது உண்மை, வேதனையும்கூட. அதை வைத்து நாட்டுக் கணக்கைச் சொல்ல முடியாது.